நிச்சயமில்லாத நேரத்தில் முடிவெடுப்பது எப்படி: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நிறுவனங்களில் திட்டமிடும் குழுக்களுக்குப் புள்ளியியலும் முடிவெடுக்கும் முறைகளும் சொல்லிக்கொடுப்பது என் வேலை. வகுப்பில் வரும் கேள்விகள் புராஜெக்ட், பட்ஜெட் பற்றியவை. இடைவேளையில் ஓரமாக வந்து கேட்பவை வேலை மாறுவது, அறுவை சிகிச்சை, சேமிப்பு பற்றியவை. ஆள் மாறினாலும் சந்தேகம் மாறுவதில்லை. அதனால் திரும்பத் திரும்ப வந்தவற்றை, கேட்டவர்கள் கேட்ட விதத்திலேயே இங்கே தொகுத்திருக்கிறேன். முன்னால் சொன்னதைப் பின்னால் மறுபடி சொல்லவில்லை, கேள்வி எண்ணை மட்டும் குறிப்பிட்டிருக்கிறேன். அதனால் வரிசையாகப் படிப்பது நல்லது.

1. எல்லா விவரமும் கைக்கு வந்த பிறகு முடிவெடுத்தா என்ன சார் தப்பு?

அப்படி ஒரு நாள் வந்தால் தப்பில்லை. பெரும்பாலும் வராது. வருவதற்குள் வேலை வேறொருவருக்குப் போயிருக்கும், நோய் முற்றியிருக்கும், விலை ஏறியிருக்கும். காத்திருப்பதற்கும் ஒரு விலை உண்டு. அதற்கு யாரும் பில் போட்டுத் தருவதில்லை என்பதால் கண்ணில் படுவதில்லை, அவ்வளவுதான்.

ஒரு விவரத்தைத் தேடிப் போகும் முன் உங்களையே கேட்டுக்கொள்ளுங்கள்: பதில் இப்படி வந்தால் என்ன செய்வேன், அப்படி வந்தால் என்ன செய்வேன்? இரண்டுக்கும் ஒரே செயல்தான் என்றால் அந்த விவரத்தால் உங்களுக்குப் பயனில்லை. ஒரு மென்பொருளை வாங்குவது என்று மனதளவில் முடிவு கட்டிவிட்டு, மூன்றாவது தடவையாகக் கருத்துக்கணிப்பு நடத்தும் குழுக்களைப் பார்த்திருக்கிறேன். கையெழுத்துப் போடும் நாளைத் தள்ளிப்போட அதுவும் ஒரு வழி.

2. நல்லா யோசிச்சுதான் முடிவெடுத்தேன், ஆனா ஊத்திக்கிச்சு. அப்போ என் முடிவு தப்புதானே?

விளைவை மட்டும் வைத்து அப்படிச் சொல்ல முடியாது. பத்தில் எட்டுத் தடவை பலன் தரும் வழியைத் தேர்ந்தெடுத்தாலும் இரண்டு தடவை கை சுடும். சுட்ட அந்த இரண்டு தடவையும் தேர்வு சரியானதாகவே இருந்திருக்கும். குடித்துவிட்டு வண்டி ஓட்டியவர் பத்திரமாக வீடு வந்து சேர்ந்தாலும் அவர் எடுத்தது மோசமான முடிவுதான்.

சொல்வது சுலபம், மனம் ஒத்துக்கொள்ளாது. ஜொனாதன் பேரன், ஜான் ஹெர்ஷி என்ற இருவர் 1988-இல் வெளியிட்ட ஆய்வு இதைக் காட்டுகிறது. ஒரு மருத்துவர் அறுவை சிகிச்சை செய்ய முடிவெடுக்கிறார். அவரிடம் இருந்த விவரமும் வெற்றி வாய்ப்பும் மாறவே இல்லை. நோயாளி பிழைத்தார் என்று படித்தவர்கள் அந்த முடிவுக்கு அதிக மதிப்பெண் போட்டார்கள், இறந்தார் என்று படித்தவர்கள் குறைத்துப் போட்டார்கள்.

இன்னொரு சிக்கலும் உண்டு. முடிவு தெரிந்த பிறகு நம் ஞாபகமே திரிந்துபோகிறது. அமெரிக்க அதிபர் நிக்சன் 1972-இல் சீனாவுக்கும் சோவியத் யூனியனுக்கும் போகும் முன், என்னென்ன நடக்க எத்தனை வாய்ப்பு என்று மாணவர்களிடம் எழுதி வாங்கினார்கள். பயணம் முடிந்த பிறகு, முன்பு என்ன எண் போட்டீர்கள் என்று கேட்டால், நடந்துவிட்டதாக நம்பியவற்றுக்கு முன்பு போட்டதைவிட அதிகம் போட்டதாகச் சொன்னார்கள். அதனால் பெரிய முடிவு எதுவானாலும் எடுக்கும் அன்றே நாலு வரி எழுதிவையுங்கள்: என்ன தெரியும், என்ன தெரியாது, எதை எதிர்பார்க்கிறேன், எத்தனை சதவீதம். பிற்பாடு அந்தத் தாளோடு மட்டும் சண்டை போடுங்கள்.

3. நாளைக்கு என்ன நடக்கும்னே தெரியாது. அதுக்கு எப்படிச் சதவீதம் போடறது? சும்மா அடிச்சு விடறதுதானே?

எண் போடாமல் "வாய்ப்பு இருக்கு", "கிட்டத்தட்ட உறுதி" என்று சொன்னால் மட்டும் அது அடித்துவிடுவது ஆகாதா? 1951-இல் அமெரிக்க உளவுத்துறை ஓர் அறிக்கை தயாரித்தது. சோவியத் தரப்பு யூகோஸ்லாவியாவைத் தாக்கக்கூடும், அந்தச் சாத்தியத்தைத் தீவிரமாக எடுத்துக்கொள்ள வேண்டும் என்பது அதன் சாரம். தயாரித்த குழுவில் முக்கியப் பொறுப்பில் இருந்தவர் ஷெர்மன் கென்ட். வெளியுறவுத்துறை அதிகாரி ஒருவர் அவரிடம், எத்தனைக்கு எத்தனை என்று நினைத்து இதை எழுதினீர்கள் என்று கேட்டார். 65-க்கு 35 என்றார் கென்ட். அதிகாரிக்குத் தூக்கிவாரிப் போட்டது, அவர் அதைவிட மிகக் குறைவாக எடுத்துக்கொண்டிருந்தார். பிறகு கென்ட் தன் குழுவினரையே ஒவ்வொருவராகக் கேட்டுப் பார்த்தார். ஒருவர் மனதில் 80-க்கு 20, இன்னொருவர் மனதில் 20-க்கு 80. ஒரே வாக்கியத்துக்கு எல்லோரும் தலையாட்டிக் கையெழுத்துப் போட்டிருந்தார்கள்.

எண்ணை எப்படிக் கண்டுபிடிப்பது? ஒரு பையில் 100 பந்துகள், அதில் 70 சிவப்பு என்று வைத்துக்கொள்ளுங்கள். இரண்டு பந்தயங்களில் ஒன்றை எடுக்கலாம், பரிசு ஒன்றேதான். முதலாவது, உங்கள் புராஜெக்ட் டிசம்பருக்குள் முடிந்தால் பரிசு. இரண்டாவது, கண்ணை மூடி எடுத்த பந்து சிவப்பாக இருந்தால் பரிசு. கை பையின் பக்கம் போனால் புராஜெக்ட்டுக்கு நீங்கள் தரும் வாய்ப்பு 70-க்குக் கீழே. சிவப்பை 50 ஆக்குங்கள், 40 ஆக்குங்கள். எந்த இடத்தில் இரண்டும் ஒன்றுதான் என்று தோன்றுகிறதோ அதுதான் உங்கள் எண். நிச்சயம் முடிந்துவிடும் என்று மேலதிகாரியிடம் சொல்லிவிட்டு வந்தவர்கள் இந்தப் பயிற்சியில் 45-இல் வந்து நிற்பதை அடிக்கடி பார்க்கிறேன்.

4. சரி, 70 சதவீதம்னு போட்டேன். நடக்கலை. என் எண் தப்புன்னு ஆகுதா?

ஒன்றை வைத்துச் சொல்ல முடியாது. நீங்கள் 70 போட்ட ஐம்பது விஷயங்களை எடுத்தால் அதில் சுமார் 35 நடந்திருக்க வேண்டும். 48 நடந்திருந்தால் நீங்கள் தேவைக்கு மேல் தயங்குபவர். 22 தான் நடந்தது என்றால் உங்கள் தன்னம்பிக்கையை இறக்க வேண்டும். வானிலை முன்னறிவிப்பாளர்கள் இதில் கெட்டிக்காரர்கள் ஆனதற்கு முக்கியக் காரணம், மறுநாளே மழை வந்ததா இல்லையா என்று தெரிந்துவிடுவதுதான்.

மதிப்பெண் போடும் முறை ஒன்றும் உண்டு. 1950-இல் கிளென் பிரையர் என்ற வானிலை அறிஞர் கொண்டுவந்தது. நீங்கள் போட்ட எண்ணுக்கும் நடந்ததற்கும் (நடந்தால் 1, இல்லாவிட்டால் 0) உள்ள வித்தியாசத்தின் வர்க்கம். 70 சதவீதம் போட்டு நடந்தால் 0.09, நடக்காவிட்டால் 0.49. எதற்கெடுத்தாலும் 50 போட்டு நழுவுபவருக்கு எப்போதும் 0.25. குறைவாக வாங்குபவர் கெட்டிக்காரர். ஒரு நோட்டுப் புத்தகம் போதும், செயலி எதுவும் தேவையில்லை.

5. எங்க கேஸ் வேற மாதிரிங்க. மத்தவங்களோட ஒப்பிடவே முடியாது.

இந்த வாக்கியத்தைக் கேட்காத வகுப்பே எனக்கு இல்லை! எல்லோருடைய கேஸும் வேறு மாதிரிதான். இருந்தும் எல்லோரும் ஒரே மாதிரி தாமதமாகிறார்கள்.

சிட்னி ஓபரா ஹவுஸ் 1963-இல் முடியும், 70 லட்சம் ஆஸ்திரேலிய டாலர் ஆகும் என்று தொடங்கினார்கள். 1973-இல் திறந்தபோது செலவு 10 கோடியே 20 லட்சம். அது பெரிய கட்டடம், நாம் சின்ன ஆட்கள் என்று சொல்பவர்களுக்கு 1994-இல் வெளியான இன்னொரு ஆய்வு இருக்கிறது. ஆய்வேட்டை முடிக்க எத்தனை நாள் ஆகும் என்று மாணவர்களைக் கேட்டார்கள். சராசரியாக 34 நாள் என்றார்கள். ஆனது சுமார் 55 நாள்.

உள்ளே நின்று பார்க்கும்போது ஒவ்வொரு படியும் ஒழுங்காக நடக்கும் கதைதான் மனதில் ஓடும். எதிர்பாராத தடங்கல் எதுவும் அந்தக் கதையில் இருக்காது, அதன் பெயரே எதிர்பாராதது ஆயிற்றே. ஆகவே முதலில் வெளியே வாருங்கள். இதுபோன்ற பத்து வேலைகளை எடுத்து, திட்டமிட்டது எவ்வளவு, ஆனது எவ்வளவு என்று பாருங்கள். அந்தச் சராசரியிலிருந்து தொடங்கி, உங்கள் கேஸின் தனித்தன்மைக்காகக் கொஞ்சம் மேலேயோ கீழேயோ நகருங்கள். கொஞ்சம்தான்.

6. டெஸ்ட்ல பாசிட்டிவ் வந்துடுச்சு. டெஸ்ட் 90 சதவீதம் சரியா சொல்லுமாம். அப்போ எனக்கு நோய் இருக்க 90 சதவீத வாய்ப்புன்னுதானே அர்த்தம்?

இல்லை. 5-இல் சொன்னதையே இங்கேயும் செய்ய வேண்டும்: முதலில் அந்த நோய் எத்தனை பேருக்கு வருகிறது என்று பாருங்கள். ஓர் உதாரணக் கணக்கு. 1,000 பேரில் 10 பேருக்கு நோய். டெஸ்ட் அந்த 10 பேரில் 9 பேரைப் பிடிக்கிறது. நோயில்லாத 990 பேரில் 100-க்கு 9 பேர் வீதம் பொய்யாகப் பாசிட்டிவ் காட்டுகிறது, அதாவது சுமார் 89 பேர். ஆக மொத்தம் பாசிட்டிவ் 98 பேர், உண்மையில் நோயுள்ளவர் 9 பேர். உங்களுக்கு நோய் இருக்கும் வாய்ப்பு பத்தில் ஒன்றுக்கும் சற்றுக் குறைவு.

இதன் அடிப்படைக் கணிதம் தாமஸ் பேயஸ் என்ற பாதிரியாருடையது. அவர் இறந்த பிறகு 1763-இல் அச்சானது. சூத்திரத்தை மனப்பாடம் செய்ய வேண்டாம், சதவீதத்தை ஆட்களாக மாற்றி எண்ணினால் போதும். சதவீதமாகச் சொன்னால் தடுமாறுகிறவர்கள், 1,000 பேர் வரிசையில் நிற்பதாக நினைத்துக்கொண்டால் தாங்களே போட்டுவிடுகிறார்கள்.

ஓர் எச்சரிக்கை. உங்களுக்கு அறிகுறி தெரிந்து மருத்துவர் அந்த டெஸ்ட்டை எழுதிக்கொடுத்திருந்தால், நீங்கள் அந்த 1,000 பேர் வரிசையில் இல்லை. நோய் இருக்க ஏற்கெனவே அதிக வாய்ப்புள்ள வேறொரு வரிசையில் நிற்கிறீர்கள், அங்கே கணக்கு மாறும். எந்த வரிசை என்பதை அவரிடம்தான் கேட்க வேண்டும்.

7. புதுசா ஏதாவது தெரிய வந்தா உடனே மனசை மாத்திக்கணுமா? மாத்தினா நிலையில்லாத ஆளுன்னு சொல்றாங்களே.

மாற்றுங்கள், சின்னச் சின்னதாக. 2011 முதல் 2015 வரை அமெரிக்க உளவுத்துறையின் ஆராய்ச்சிப் பிரிவு ஒரு கணிப்புப் போட்டி நடத்தியது. பிலிப் டெட்லாக், பார்பரா மெல்லர்ஸ் குழு அதில் வென்றது. அவர்களிடம் இருந்த சிறந்த கணிப்பாளர்களுக்குப் பொதுவாக இருந்த ஒரு பழக்கம், செய்தி வரவர 60-ஐ 63 ஆக்குவதும் 58 ஆக்குவதும். ஒரே செய்தியில் 20-லிருந்து 90-க்குத் தாவுவது அபூர்வம்.

எவ்வளவு நகர்வது என்பதற்கு ஒரு கேள்வி: என் எண்ணம் சரி என்றால் இந்தச் செய்தி வர எவ்வளவு வாய்ப்பு, தப்பு என்றால் எவ்வளவு வாய்ப்பு? இரண்டுக்கும் ஒரே அளவு என்றால் அந்தச் செய்தி எவ்வளவு பரபரப்பாக இருந்தாலும் நகர வேண்டாம். நேர்காணல் நல்லபடி நடந்தது, சிரித்துப் பேசினார்கள் என்று துள்ளுவோரிடம் இதைத்தான் கேட்கிறேன். நிராகரிக்கப்போகிறவர்களிடமும் சிரித்துத்தானே பேசுவார்கள்?

8. உள்மனசு ஒண்ணு சொல்லுது. அதைக் கேக்கலாமா?

அந்த உள்மனம் எங்கே படித்தது என்பதைப் பொறுத்தது. உளவியலாளர் டேனியல் கானமன் உள்ளுணர்வைச் சந்தேகித்தவர். இன்னொரு உளவியலாளர் கேரி கிளைன் தீயணைப்பு வீரர்களின் உள்ளுணர்வை வியந்தவர். இருவரும் சேர்ந்து 2009-இல் எழுதிய கட்டுரையில் ஒத்துப்போன இடம் இது: சூழலில் ஓர் ஒழுங்கு இருக்க வேண்டும், அந்த ஒழுங்கைப் பழக நீண்ட காலமும் உடனடிப் பதிலும் கிடைத்திருக்க வேண்டும். சதுரங்க ஆட்டக்காரருக்கும் தீயணைப்பு அதிகாரிக்கும் இரண்டும் கிடைக்கின்றன. பங்கு விலையையும் பல ஆண்டு தூரத்து அரசியலையும் சொல்பவர்களுக்கு இரண்டும் கிடைப்பதில்லை.

வாழ்க்கையில் இரண்டு மூன்று முறைதான் வேலை மாறியிருக்கிறீர்கள் என்றால், வேலை மாறுவதைப் பற்றிய உங்கள் உள்ளுணர்வுக்கு அனுபவம் போதாது. ஆனால் உள்மனம் இடித்தால் அதைத் தள்ளிவிடவும் வேண்டாம். எது உறுத்துகிறது என்று எழுதிப் பாருங்கள். பல நேரம் நீங்கள் கவனித்தும் பட்டியலில் சேர்க்காத ஒன்று வெளியே வரும்.

9. சாதகம் பாதகம்னு ரெண்டு பத்தி போட்டு எண்ணிட்டா போதாதா?

பெஞ்சமின் பிராங்க்ளின் 1772-இல் நண்பர் ஜோசப் பிரீஸ்ட்லிக்கு எழுதிய கடிதத்தில் அதைத்தான் சொன்னார். ஆனால் அவர் எண்ணிக்கையைப் பார்க்கவில்லை, எடையைப் பார்த்தார். மூன்று நான்கு நாளில் அவ்வப்போது தோன்றியதை எழுதி, இருபக்கமும் சம எடையுள்ளவற்றை அடித்துக்கொண்டே வந்தார். எண்ணுவது மட்டும் போதும் என்றால், பிடித்த பக்கத்தில் பொடிப்பொடியாக ஏழெட்டு எழுதி நாமே நம்மை ஏமாற்றிக்கொள்வோம். இரண்டு பத்திப் பட்டியலில் மூன்றாவது வழிக்கு இடமே இல்லை என்பதையும் மறக்க வேண்டாம்.

10. இருக்கற டேட்டாவை எல்லாம் உக்காந்து பாத்தோம். அப்புறமும் எப்படித் தப்பாப் போச்சு?

இல்லாத டேட்டாவைப் பார்த்தீர்களா?

1986 ஜனவரி 27 இரவு. மறுநாள் சேலஞ்சர் விண்ணோடம் கிளம்ப வேண்டும், குளிர் உறைநிலைக்கும் கீழே போகும் என்று முன்னறிவிப்பு. ராக்கெட் மூட்டுகளில் உள்ள ரப்பர் வளையங்கள் குளிரில் இறுகிவிடும், கிளம்ப வேண்டாம் என்று பொறியாளர்கள் சொல்கிறார்கள். ஆதாரம் கேட்கப்படுகிறது. வளையம் பழுதான பழைய பயணங்களை எடுத்துப் பார்க்கிறார்கள். 12 டிகிரி செல்சியஸில் பழுது ஆகியிருக்கிறது, 24 டிகிரியிலும் ஆகியிருக்கிறது. அப்படியானால் வெப்பநிலைக்கும் பழுதுக்கும் தொடர்பு உறுதியில்லை என்று வாதம் முடிகிறது. மறுநாள் கிளம்பிய 73 வினாடியில் ஓடம் சிதறி 7 பேர் இறந்தார்கள்.

பழுதே ஆகாத பயணங்களையும் சேர்த்துப் பார்த்திருந்தால் படம் வேறு. விசாரணை ஆணையம் பிறகு அதைப் போட்டுக் காட்டியது. சுமார் 19 டிகிரியும் அதற்கு மேலும் இருந்த 20 பயணங்களில் 3-இல்தான் பழுது. 17 டிகிரியும் அதற்குக் கீழும் இருந்த 4 பயணங்களில் 4-இலும் பழுது. விவரம் அவர்களிடமே இருந்தது, கேள்விதான் பாதியில் நின்றுவிட்டது. தோற்றவர்களை மட்டும் பார்த்தாலும் சரி, ஜெயித்தவர்களை மட்டும் பார்த்தாலும் சரி, இதே குழிதான். தொழில் தொடங்கி முன்னேறியவர்களின் பேட்டிகளைப் படித்துவிட்டு வேலையை விடும் முன், அதே மாதிரி வேலையை விட்டுப் பேட்டிக்கு வராமல் போனவர்கள் எத்தனை பேர் என்று கேளுங்கள்.

11. குழுவுல எல்லாரும் ஒத்துக்கிட்டாங்க. இனி என்ன பயம்?

மூத்தவர் முதலில் பேசிவிட்டால் ஒத்துக்கொள்வது சுலபம். பேசத் தொடங்கும் முன் ஆளுக்கொரு சீட்டில் எண்ணை எழுதி வாங்குங்கள் (3-இல் வரும் கென்ட் கதை ஞாபகம் இருக்கட்டும்). விண்ணோடம் அழியும் வாய்ப்பை நாசா நிர்வாகத்தினர் 1,00,000-இல் 1 என்றும் பொறியாளர்கள் 100-இல் 1 என்றும் மதிப்பிட்டிருந்ததை இயற்பியலாளர் ரிச்சர்ட் ஃபெய்ன்மன் விசாரணையின்போது வெளிக்கொண்டுவந்தார். ஒரே அமைப்புக்குள் ஆயிரம் மடங்கு வித்தியாசம். கடைசியில் 135 பயணங்களில் 2 ஓடங்கள் அழிந்தன. பொறியாளர்கள் பக்கம்தான் உண்மை இருந்தது.

இன்னொன்று, 8-இல் வந்த கேரி கிளைன் சொன்ன பயிற்சி. திட்டத்தைத் தொடங்கும் முன்பே, ஓராண்டு கழித்து அது படுதோல்வி அடைந்துவிட்டதாக வைத்துக்கொண்டு, ஏன் தோற்றது என்று ஒவ்வொருவரும் எழுத வேண்டும். ஏதாவது தப்பாகப் போகுமா என்று கேட்டால் அமைதியாக இருப்பவர்கள், தோற்றாயிற்று, காரணம் சொல் என்றால் மடமடவென்று எழுதுகிறார்கள். சந்தேகப்படுவது துரோகம் என்ற உணர்வு போய்விடுகிறது.

12. கணக்குப் போட்டா சராசரியா லாபம்னுதான் வருது. துணிஞ்சு எல்லாத்தையும் போட்டுடலாமா?

இந்தப் பக்கத்தில் ஒரே ஒரு பதிலைத்தான் படிப்பேன் என்பவர்கள் இதைப் படியுங்கள்.

ஒரு விளையாட்டு. நாணயத்தில் தலை விழுந்தால் நீங்கள் போட்ட பணம் 50 சதவீதம் கூடும், பூ விழுந்தால் 40 சதவீதம் குறையும். 100 போட்டால் 150 அல்லது 60, சராசரி 105. லாபமான விளையாட்டு. இப்போது கையில் உள்ள மொத்தத்தையும் ஒவ்வொரு சுற்றிலும் போடுங்கள். ஒரு தலை, ஒரு பூ விழுந்தால் 100 என்பது 150 ஆகி, 90-இல் வந்து நிற்கும். 20 சுற்றில் சரியாக 10 தலை, 10 பூ விழுந்தால் மிச்சம் சுமார் 35. துரதிர்ஷ்டமே இல்லாமல் மூன்றில் இரண்டு பங்கு போய்விட்டது. அப்படியானால் சராசரி லாபம் எங்கே போனது? தொடர்ந்து தலையாக விழுந்த மிகச் சிலரிடம் குவிந்து கிடக்கிறது. நீங்கள் அவர்களில் ஒருவராக இருக்க வாய்ப்பு குறைவு.

அதே விளையாட்டில் ஒவ்வொரு முறையும் கையிருப்பில் கால் பங்கை மட்டும் போடுங்கள். தலை விழுந்தால் மொத்தம் 12.5 சதவீதம் கூடும், பூ விழுந்தால் 10 சதவீதம் குறையும். அதே 10 தலை, 10 பூவுக்குப் பிறகு 100 என்பது சுமார் 113. நாணயம் மாறவில்லை, உங்கள் கணிப்புத் திறமையும் கூடவில்லை. போட்ட அளவு மட்டும்தான் மாறியது. பெல் ஆய்வகத்தின் ஜான் கெல்லி 1956-இல் இந்த அளவுக்கு ஒரு சூத்திரமே கொடுத்தார். கால் பங்கு என்பது அந்தச் சூத்திரம் சொல்லும் விடைதான்.

கணிதம் தெரிந்தால் தப்பிவிடலாம் என்றும் இல்லை. லாங் டெர்ம் கேப்பிட்டல் மேனேஜ்மென்ட் என்ற அமெரிக்க முதலீட்டு நிறுவனத்தில் 1997-இல் நோபல் வாங்கிய இரண்டு பொருளாதார அறிஞர்கள் பங்குதாரர்கள். சொந்தப் பணம் 1-க்குக் கடன் 25 என்ற அளவில் போட்டிருந்தார்கள். 1998-இல் சந்தை கொஞ்ச காலம் எதிர்த்திசையில் போனது, நிறுவனம் கவிழ்ந்தது, வங்கிகள் சேர்ந்து 360 கோடி டாலர் போட வேண்டியிருந்தது. யாராவது என்னிடம் இது எவ்வளவு நிச்சயம் என்று கேட்டால், நான் திருப்பிக் கேட்பது: தப்பாகப் போனால் மறுபடி ஆட முடியுமா?

13. அப்போ சின்ன முடிவுக்கும் இவ்வளவு பார்க்கணுமா? எனக்கு ஒரு செருப்பு வாங்கவே அரை நாள் ஆகுது.

வேண்டாம். திரும்பி வர முடிந்த முடிவுகளைச் சட்டென்று எடுங்கள். மேலே உள்ளதெல்லாம் திரும்பி வர முடியாதவற்றுக்கும், வரப் பெருஞ்செலவு ஆகுபவற்றுக்கும்தான்.

14. இவ்வளவு போட்டாச்சு. இப்போ விட்டா எல்லாம் வீண்தானே?

போட்டது போனதுதான். தொடர்ந்தாலும் அது திரும்ப வராது. இனி போட வேண்டியதற்கும் இனி கிடைக்கப்போவதற்கும்தான் கணக்கு. 1985-இல் இன்டெல் நிறுவனம் நினைவகச் சில்லுகளில் அடிவாங்கிக்கொண்டிருந்தது. அதன் உயர் நிர்வாகிகளில் ஒருவரான ஆண்ட்ரூ குரோவ், தலைமை நிர்வாகி கார்டன் மூரிடம் கேட்டார்: நம்மைத் தூக்கிவிட்டு வேறு ஒருவரைக் கொண்டுவந்தால் அவர் என்ன செய்வார்? நினைவகச் சில்லுகளை விட்டுவிடுவார் என்றார் மூர். அப்படியானால் நாமே வெளியே போய்த் திரும்பி வந்து அதைச் செய்தால் என்ன என்றார் குரோவ். செய்தார்கள். அந்தப் புது ஆளின் இடத்தில் உங்களை வைத்துப் பாருங்கள்.

நடுவழியில் இதைச் செய்வது கடினம் என்பதால், தொடங்கும்போதே 2-இல் சொன்ன தாளில் ஒரு வரி கூட்டுங்கள்: எந்தத் தேதிக்குள் எது நடக்காவிட்டால் விட்டுவிடுவேன்.

15. எண்ணே போட முடியாத விஷயமும் இருக்கே? இதுக்கு முன்னாடி நடந்ததே இல்லைன்னா?

இருக்கிறது. பகடையில் ஆறு முகம் என்று தெரியும், புத்தம் புதிய தொழில்நுட்பத்துக்கு எத்தனை முகம் என்றே தெரியாது. பொருளாதார அறிஞர் பிராங்க் நைட் 1921-இலேயே இந்த இரண்டையும் பிரித்துக் காட்டினார். இரண்டாவது வகையில் 37.5 சதவீதம் என்று எழுதுவது வேஷம்.

ஆனால் எண் இல்லாவிட்டாலும் 12 அப்படியே நிற்கிறது. என்ன நடக்கும் என்று தெரியாமலே, நடந்தால் எனக்கு எவ்வளவு அடி விழும் என்பதை அளக்க முடியும், குறைக்கவும் முடியும். நாலைந்து விதமான எதிர்காலங்களை எழுதிக்கொண்டு, எதிலும் உச்ச லாபம் தராவிட்டாலும் எதிலும் மூழ்கடிக்காத வழியைத் தேடுங்கள். முழுதாக இறங்கும் முன் சின்னதாகச் செய்து பாருங்கள். புது ஊருக்குக் குடிபோகும் முன் ஒரு மாதம் வாடகைக்கு இருந்து பார்ப்பவர் ஒரு சதவீதக் கணக்கும் போடவில்லை, நல்ல முடிவுதான் எடுத்திருக்கிறார்.

16. எல்லாம் பார்த்தாச்சு. ரெண்டும் சமமாத்தான் இருக்கு. நாணயத்தைச் சுண்டிடலாமா?

சுண்டலாம். உண்மையிலேயே சமம் என்றால் எதை எடுத்தாலும் நஷ்டம் சிறிதுதான், இன்னும் ஒரு மாதம் யோசிப்பதுதான் பெரிய நஷ்டம். ஸ்டீவன் லெவிட் என்ற பொருளாதார அறிஞர் இதை நிஜமாகவே நடத்திப் பார்த்தார். வேலையை விடுவதா, உறவை முறிப்பதா என்று ஊசலாடியவர்கள் இணையதளத்தில் வந்து நாணயம் சுண்டினார்கள், மொத்தம் 20,000-க்கும் மேற்பட்ட தடவை. பெரிய முடிவுகளில், மாறு என்று விழுந்தவர்கள் மாறியது அதிகம். ஆறு மாதம் கழித்து அவர்களே கூடுதல் மகிழ்ச்சியாக இருப்பதாகவும் சொன்னார்கள். தாங்களாக முன்வந்து சுண்டியவர்கள் என்பதால் இதை எல்லோருக்கும் நீட்டக் கூடாது. ஆனாலும் இழுபறியில் கிடக்கும்போது, இருக்கும் இடத்திலேயே இருக்கும் பக்கம் நமக்குக் கொஞ்சம் சாய்வு அதிகம் என்பது என் அனுபவத்தோடும் ஒத்துப்போகிறது.

17. எனக்காக இல்லை, எங்க அப்பாவுக்காக நான் முடிவெடுக்கணும். ஆபரேஷன் செய்யலாமா வேண்டாமான்னு. அப்போ இதெல்லாம் எப்படிப் பொருந்தும்?

வாய்ப்புக் கணக்கு அதேதான், 6-இல் சொன்னபடி அவரைப் போன்றவர்கள் 100 பேரில் எத்தனை பேர் என்று மருத்துவரிடம் கேளுங்கள். உயிர் பிழைப்பது எத்தனை பேர் என்பதோடு நிறுத்தாமல், பிழைத்தவர்களில் ஓராண்டு கழித்துத் தானே எழுந்து நடப்பவர்கள் எத்தனை பேர் என்றும் கேளுங்கள். செய்யாவிட்டால் என்ன ஆகும் என்பதற்கும் இதே எண்கள் வேண்டும். பலர் அதைக் கேட்க மறந்துவிடுகிறார்கள்.

மாறுவது 12-இல் உள்ள கேள்வி. எதை இழந்தால் தாங்க முடியாது என்பது அவருடைய கணக்கு, உங்களுடையது அல்ல. இன்னும் இரண்டு வருடம் படுக்கையில் இருந்தாலும் பரவாயில்லை என்பவரும் உண்டு, ஆறு மாதமானாலும் நடமாட்டத்தோடு போதும் என்பவரும் உண்டு. வெளியிலிருந்து ஊகிக்கும்போது நம் பயத்தை அவர் தலையில் ஏற்றிவிடுகிறோம். பிறகு யாராவது ஏன் செய்தாய், ஏன் செய்யவில்லை என்று கேட்பார்களே என்ற கவலையும் அதில் கலந்துவிடும். அவரால் பேச முடியும் என்றால் இந்த வாரமே உட்கார்ந்து கேளுங்கள், உடன்பிறந்தவர்களையும் கூட வைத்துக்கொள்ளுங்கள். அவர் சொன்னதை அவர் வார்த்தையிலேயே எழுதி, தேதி போட்டு, மருத்துவரிடம் ஒரு பிரதி கொடுங்கள்.